பனிக்கு மை வேண்டாம்

பகலில் கல்லீரல் வரைகிறேன்,
மருத்துவமனையின் பாடநூல் பிரிவில்.
தமனி சிவப்பு, சிரை நீலம், பித்தப்பை பச்சை.
யாரும் மறுபேச்சுப் பேசமுடியாத வேலை.

லாங்கு பஜாரில், வெங்காய மண்டிக்கு மேல்மாடியில்
பதிப்பகம் வைத்திருக்கும் முனவ்வர் பாஷா
ஓர் ஆங்கில நாவலைக் கொடுத்தார்.
ஐந்நூறு பக்கத்தை நூற்றுப்பத்தாகச் சுருக்கியது,
பதினொன்றாம் வகுப்புக்குத் துணைப்பாடம்.
"ஆறு படம். படத்துக்கு ஆயிரத்து இருநூறு.
பொண்ணு அழகா இருக்கணும்.
குதிரை கஷ்டம்னா விட்டுடுங்க."

குதிரையை விடவில்லை,
எலும்பு தெரிந்தவளுக்குக் குதிரை என்ன கஷ்டம்.
கஷ்டம் வேறிடத்தில் இருந்தது.

"தண்ணீர்க் கரையில் இருட்டும்வரை காத்திருந்தாள்"
என்று எழுதிவிட்டு ஒருவர் போய்விடலாம்.
எந்தத் தண்ணீர்? கரையில் கல்லா, சேறா?
நின்றாளா, உட்கார்ந்தாளா?
குடை எந்தக் கையில்?
எழுதியவர் சொல்லவில்லை,
கேட்காமலே படித்தவர்கள் செத்தும் போனார்கள்.
நிப்பைத் தாளில் வைத்த கணம்
நான் சொல்லியாக வேண்டும்.

சொன்னேன். கோட்டை அகழி.
சனிக்கிழமை மாலை, மதில்நிழல் தண்ணீரில் விழும் பக்கம்,
பாப்கார்ன் வண்டியை மட்டும் நீக்கிவிட்டு.
மிஸ் விட்கோம் அங்கேதான் காத்திருந்தாள்.
குடை இடக்கையில்.

"மூர்" என்று ஒரு சொல்.
அகராதி தரிசு என்றது, ஈரம் என்றது,
இரண்டும் எப்படி ஒன்றாய்க் கிடக்கும் என்று சொல்லவில்லை.
காட்பாடிப் பாலத்தில் பேருந்து நின்றபோது
கீழே பாலாறு.
நாணல், மணல், ஒரு கழுதை.
அகலமாக, யாருக்கும் பதில் சொல்லாமல்.
தண்ணியில்லா ஆறு, ராஜா இல்லாக் கோட்டை, மரமில்லா மலையென்று
இல்லாததைச் சொல்லியே பேர்வாங்கிய ஊர்,
ஒரு வெள்ளைக்காரப் பொட்டலுக்கு இடம் கொடுக்காதா?

நான்காவது படம் பனி.
மே மாதம், நூற்றுப்பத்து டிகிரி.
மின்விசிறியைப் போட்டால் தாள் பறக்கிறது,
நிறுத்தினால் முழங்கையிலிருந்து வியர்வை சொட்டுகிறது.
வெள்ளை பூசினேன், சுண்ணாம்படித்த சுவராக வந்தது.
புள்ளி வைத்தேன், ஊருக்கே அம்மை போட்டிருந்தது.
மூன்று தாள் கிழித்தபின் புரிந்தது:
பனியை வரையக் கூடாது.
வேலியை வரை, வேலி புதையும் இடத்தில் நிறுத்து.
கூரையின் கீழ்விளிம்பை வரை, மேலே ஏறாதே.
மிச்சமெல்லாம் காகிதம்.
மிச்சமெல்லாம் பனி.

ஆறாவது: "கடிதத்தைப் படித்தாள்."
அவ்வளவுதான்.
மூலத்தில் அந்தக் கடிதமே நாலு பக்கமாம்,
சுருக்கிய ஜெபகனி மேடம் வெட்டிவிட்டார்.
போன் போட்டுக் கேட்டேன்.
"அதுல கேள்வி வராதும்மா."

கண்ணீர் போட்டால் அது நான் சொன்னதாகும்.
சிரிப்புப் போட்டாலும்.
முதுகைக் காட்டி நிற்கவைத்தேன்.
தோளுக்கு அப்பால் கடிதத்தின் ஒரு மூலை,
சன்னலுக்கு வெளியே மறுபடி காகிதம்.

"கதாநாயகிக்கு மூஞ்சியே இல்லையே"
என்றார் பாஷா.
இருநூறு பிடித்துக்கொண்டார்.

ஆடி கழிந்து, காட்பாடி ஜங்ஷன், இரண்டாம் நடைமேடை.
பக்கத்தில் பள்ளிச் சீருடையில் ஒருத்தி,
மடியில் அந்தப் புத்தகம், பக்கம் தொண்ணூற்றேழு.
மிஸ் விட்கோமின் பின்னந்தலைக்கு
நீலப் பால்பாயிண்டில் இரட்டைச் சடை, ரிப்பன்,
வலது சடையில் மட்டும் கனகாம்பரம்.
சன்னலுக்கு வெளியே, என் பனியில்,
பொடிப்பொடியாக ஒரு கணக்கு:
நாற்பத்தேழு பெருக்கல் பதினாறு,
எழுநூற்று நாற்பத்திரண்டு.

பத்து குறைகிறது.
சொல்லலாமா என்று நினைப்பதற்குள்
அவள் வண்டி வந்துவிட்டது.